தூண் போன பிறகு வந்த வாய்தா

காரைக்குடிப் பக்கத்துச் சிற்றூர்க்காரரான பெரியவர் ஒருவர், உயர்நீதிமன்ற மதுரைக் கிளையிலிருந்து வாங்கி வந்த உத்தரவு நகலை என்னிடம் நீட்டி, "தம்பி, தள்ளுபடின்னு போட்டிருக்கு. அப்ப நாம தோத்துட்டமா?" என்று கேட்டார். ஊர்க் கண்மாயின் மீன்பாசி (மீன்பிடி உரிமை) ஏலம் முறையாக நடக்கவில்லை என்பது அவருடைய வழக்கு. நகல் மொத்தம் ஒன்றரைப் பக்கம்; அதில் முக்கால்வாசி மனுதாரர், எதிர்மனுதாரர்களின் பெயரும் முகவரியும்தான். மீதி இருந்த நான்கைந்து வரிகளின் சாரம் இவ்வளவு: குத்தகைக் காலம் முடிந்துவிட்டதால் மனு பயனற்றதாகிவிட்டது, ஆகவே தள்ளுபடி செய்யப்படுகிறது, செலவுத்தொகை இல்லை, இணைந்த இதர மனு முடித்துவைக்கப்படுகிறது. ஏலம் சரியாக நடந்ததா, தவறாக நடந்ததா என்பதைப் பற்றி ஒரு சொல்கூட அதில் இல்லை.

அவர் தோற்கவில்லை, வெல்லவும் இல்லை. கண்மாய் மீன்பாசிக் குத்தகை பெரும்பாலும் பசலி ஆண்டுக் கணக்கில், ஜூலை 1 முதல் ஜூன் 30 வரை ஓடுவது. ஏலத்தை ரத்து செய்யும்படி அவர் மனுப் போட்டபோது தண்ணீரும் மீனும் குத்தகைதாரரும் இருந்தார்கள். மனு இறுதி விசாரணைக்கு வந்தபோது கண்மாய் வற்றி, மீன் விற்று, பசலியும் முடிந்திருந்தது. ரத்து செய்வதற்கு எதுவும் மிச்சமில்லாத இடத்தில் ரத்து செய்கிறேன் என்று நீதிமன்றம் எழுதுவதற்கு இல்லை. இதைத்தான் வக்கீல்கள் ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்கிறார்கள். தமிழ் உத்தரவுகளில் ‘பயனற்றதாகிவிட்டது’ என்று வருகிறது. ஊர்ப்பேச்சில் ‘கேஸ் நீர்த்துப்போச்சு’ என்பார்கள். அந்தச் சொல் எனக்கு உடன்பாடில்லை. நீர்த்துப்போவது என்றால் சாட்சி பிறழ்ந்தோ ஆவணம் காணாமல் போயோ வழக்கு வலுவிழப்பது போலத் தொனிக்கிறது. பயனற்றுப்போகும் வழக்கு அப்படிப்பட்டதல்ல. இரும்புபோல் உறுதியான வழக்கும் ஒரே நாளில் பயனற்றுப்போகலாம்.

காரணம், உரிமையியல் வழக்கின் உயிர் அதன் பிராதின், அதாவது வாதி தாக்கல் செய்யும் வழக்குரையின், கடைசிப் பக்கத்தில், ‘பரிகாரம்’ என்ற தலைப்பின்கீழ் இருக்கிறது. அதற்கு முன்னால் எத்தனை பக்கம் குடும்பக் கதையும் ஊர்க் கதையும் எழுதியிருந்தாலும், நீதிமன்றம் தரக்கூடியது அந்தக் கடைசிப் பக்கத்தில் கேட்டதைத்தான். கேட்டது கொடுக்க முடியாததாகிவிட்டாலோ, வேறு வழியில் ஏற்கெனவே கிடைத்துவிட்டாலோ, எஞ்சி நிற்கும் கேள்வி எவ்வளவு நியாயமானதாக இருந்தாலும் அதற்கு விடை சொல்வது நீதிமன்றத்தின் வேலை இல்லை என்பதே பொது நிலை. பயனற்றுப்போவது கோரிக்கை, அந்தக் கோரிக்கைக்குக் கீழே இருக்கும் உரிமை அல்ல. இந்த ஒரு வேறுபாட்டைப் பிடித்துக்கொண்டால் மற்றவை விளங்கும். இதைத் தவறவிடுவதால்தான் பலர் உத்தரவு நகலைப் பரணில் போட்டுவிட்டுக் காலவரையறையையும் கடத்திவிடுகிறார்கள்.

வழக்கு தொடுத்த நாளில் தரப்பினரின் உரிமை எப்படி இருந்ததோ அதை வைத்தே தீர்ப்பு அமைய வேண்டும் என்பது பழைய விதி. வழக்கு பத்தாண்டு இழுத்தடித்தால், அந்த இழுப்பின் பலனோ பாதிப்போ யாரையும் சேரக்கூடாது என்ற நியாயம் அதன் பின்னால் இருக்கிறது. ஆனால் அந்த விதியை அப்படியே பிடித்துக்கொண்டிருந்தால், இடிந்த வீட்டை இடிக்காதே என்றும், முடிந்த திருவிழாவை நடத்து என்றும் தீர்ப்பாணைகள் பிறந்துகொண்டிருக்கும். 1975இல் பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு எதிர் மோட்டார் அண்ட் ஜெனரல் டிரேடர்ஸ் என்ற வழக்கில் உச்சநீதிமன்றம் இதற்கு ஒரு வழி சொன்னது. சொந்த வியாபாரத்துக்குக் கடை வேண்டும் என்று வாடகைதாரரைக் காலி செய்யக் கேட்ட உரிமையாளருக்கு, வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே அதே கட்டடத்தில் வேறொரு கடை கையில் வந்துவிட்டது. வழக்கு தொடுத்த நாளில் இருந்த தேவை இப்போது இருக்கிறதா என்ற கேள்வி எழுந்தது. பின்னால் நடந்தவை கேட்கப்பட்ட பரிகாரத்தின் வேரையே தொடுமானால், இரு தரப்புக்கும் நியாயமான வாய்ப்பளித்து அவற்றைக் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம் என்று நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு, இன்றைக்கும் இவ்வகை மனுக்களில் முதலில் மேற்கோள் காட்டப்படுகிறது.

அதற்கு அடுத்த படி தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் எடுக்கப்பட்டது. ஷிப்பிங் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியாவுக்கும் மச்சாடோ பிரதர்ஸ் என்ற முகமை நிறுவனத்துக்கும் நடந்த அந்த வழக்கில், முகமையை முடித்துக்கொள்வதாக அனுப்பப்பட்ட அறிவிப்பை எதிர்த்து ஒரு வழக்கு. அது நிலுவையில் இருக்கும்போதே புதிய அறிவிப்பு. அதை எதிர்த்து இன்னொரு வழக்கு. முதல் வழக்கில் பெற்ற இடைக்காலத் தடை மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. பயனற்றுப்போன முதல் வழக்கை முடித்துவையுங்கள் என்று பிரதிவாதி மனுப் போட்டபோது, அப்படி ஒரு வழியை உரிமையியல் நடைமுறைச் சட்டம் வெளிப்படையாகச் சொல்லவில்லையே என்ற கேள்வி வந்தது. 2004இல் உச்சநீதிமன்றம் அந்தச் சட்டத்தின் 151ஆவது பிரிவைச் சுட்டி, பயனற்றுப்போன வழக்கை உயிரோடு வைத்திருப்பதே நீதிமன்ற நடைமுறையைத் தவறாகப் பயன்படுத்த இடம் கொடுப்பதாகும், அதை முடித்துவைக்கும் உள்ளார்ந்த அதிகாரமும் கடமையும் நீதிமன்றத்துக்கு உண்டு என்று சொன்னது. இந்தத் தீர்ப்பின் நடைமுறைப் பொருள் கூர்மையானது: மூல வழக்கு செத்த பிறகும் இடைக்கால உத்தரவின் நிழலில் உட்கார்ந்திருப்பவரை எழுப்பலாம்.

சட்டம் இவ்வளவுதான். சிக்கல் முழுவதும், யாருடைய செயலால் வழக்கு பயனற்றுப்போனது என்பதில் இருக்கிறது. காலம் தானாக ஓடி முடிந்த கண்மாய் வழக்கு ஒரு வகை. எதிர்த்தரப்பே முந்திக்கொண்டு காரியத்தை முடித்துவிட்டு, ‘இனி என்ன வழக்கு’ என்று வந்து நிற்பது வேறு வகை. இரண்டாவதைப் புரிந்துகொள்ளச் செட்டிநாட்டு வீட்டைவிடப் பொருத்தமான உதாரணம் கிடைக்காது.

சிவகங்கை, புதுக்கோட்டை மாவட்டங்களில் பரவியிருக்கும் எழுபதுக்கு மேற்பட்ட நகரத்தார் ஊர்களில், முகப்பில் தொடங்கி வளவு, இரண்டாங்கட்டு, அடுப்படி என்று ஒரு தெருவிலிருந்து அடுத்த தெருவரை நீளும் வீடுகள், இன்று பெரும்பாலும் ஒருவர் பெயரில் இல்லை. நான்கு தலைமுறைக்கு முன் பர்மாவிலிருந்து தேக்கு வரவழைத்துக் கட்டியவருடைய பேரன், பேத்தி, கொள்ளுப்பேரன் என்று பிரிந்து பிரிந்து, ஒரே வீட்டுக்கு இருபது முப்பது பங்காளிகள் இருப்பது சாதாரணம். வளவு அறைகள் ஆளுக்கு ஒன்று பூட்டிக் கிடக்கும். வீட்டு விசேஷத்துக்கு மட்டும் திறக்கும். 2014 முதல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான உத்தேசப் பட்டியலில் செட்டிநாட்டு ஊர்த்தொகுதிகள் இடம்பெற்றிருக்கின்றன. ஆனால் ஒரு பங்காளி வீட்டைப் பிரிக்க ஆளை அழைத்து வரும் காலையில் அந்தப் பட்டியல் குறுக்கே வந்து நிற்காது. குறுக்கே நிற்க வேண்டியது இன்னொரு பங்காளி நீதிமன்றத்தில் வாங்கும் உறுத்துக்கட்டளை, அதாவது இதைச் செய்யாதே என்னும் தடை உத்தரவுதான்.

ஒரு வீட்டை வைத்துப் பார்ப்போம். கற்பனை வீடு, ஆனால் கதை இந்தப் பகுதி நீதிமன்றங்களுக்குப் புதிதல்ல. ஊரில் இருக்கும் பங்காளி முகப்புத் தூண்களை விலை பேசிவிட்டார் என்று சென்னையில் இருக்கும் பங்காளிக்குத் தகவல் வருகிறது. அவர் அவசரமாக வந்து, வக்கீலைப் பிடித்து, ‘பிராதுச் சொத்தை இடிக்கவோ, அதிலுள்ள தேக்குத் தூண்களையும் நிலைக்கதவுகளையும் அகற்றவோ கூடாது என்று பிரதிவாதிக்கு நிரந்தர உறுத்துக்கட்டளை’ என்ற ஒற்றைப் பரிகாரத்துடன் வழக்குப் போடுகிறார். கூடவே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதிகள் 1, 2-இன் கீழ் இடைக்காலத் தடைக்கு மனு. நீதிமன்றம் எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு அனுப்பச் சொல்லி வாய்தா போடுகிறது. அறிவிப்பு போய்ச் சேருவதற்குள் ஒரு வாரம். எதிர்த்தரப்பு வக்கீல் ஆஜராகி எதிருரைக்கு அவகாசம் கேட்பதில் இரண்டு வாரம். அதற்குள் ஒரு சனி, ஞாயிறு வந்துவிடுகிறது. காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவின் பழம்பொருள் கடைகளைப் பார்த்தவர்களுக்கு, பிரித்த வீட்டின் தூணும் கதவும் எவ்வளவு எளிதில் கைமாறக்கூடியவை என்று சொல்ல வேண்டியதில்லை. அடுத்த வாய்தாவில் பிரதிவாதியின் வக்கீல் எழுந்து ஒரு மெமோ தாக்கல் செய்கிறார்: தூண்கள் பிராதுச் சொத்தில் இல்லை, வழக்கு பயனற்றதாகிவிட்டது, முடித்துவைக்க வேண்டுகிறோம்.

இந்த இடத்தில் வாதியின் தரப்பு வாய் மூடி நின்றால், அதற்கான விலை அந்த ஒரு வழக்கோடு முடிவதில்லை. 1963ஆம் ஆண்டின் குறித்த பரிகாரச் சட்டம், அதாவது வக்கீல்கள் வாயில் ‘ஸ்பெசிஃபிக் ரிலீஃப் ஆக்ட்’, 40ஆவது பிரிவைப் பலர் கவனிப்பதில்லை. உறுத்துக்கட்டளை கேட்கும் வாதி, அதற்குப் பதிலாகவோ அதனுடன் சேர்த்தோ நஷ்டஈடும் கேட்கலாம் என்கிறது அதன் முதல் உட்பிரிவு. பிராதில் கேட்டிருந்தால்தான் நஷ்டஈடு கொடுக்க முடியும் என்கிறது இரண்டாவது உட்பிரிவு. ஆனால் கேட்காமல் விட்டிருந்தால், வழக்கின் எந்தக் கட்டத்திலும் பிராதைத் திருத்த நீதிமன்றம் அனுமதிக்க வேண்டும் என்றும் அதுவே சேர்த்துச் சொல்கிறது. மூன்றாவது உட்பிரிவுதான் கண்ணி: வாதிக்குச் சாதகமான ஒரு கடப்பாட்டை மீறாமல் தடுப்பதற்காகப் போட்ட வழக்கு தள்ளுபடியானால், அந்த மீறலுக்காக நஷ்டஈடு கேட்டு வழக்குத் தொடரும் உரிமை தடைபடும். விசாரித்துத் தள்ளுபடி செய்ததா, பயனற்றது என்று தள்ளுபடி செய்ததா என்று அந்தச் சொற்கள் பிரித்துப் பேசவில்லை. தகுதியின்மீது முடிவு செய்யாத தள்ளுபடிக்கு இது பொருந்தாது என்று பிற்பாடு வாதிடலாம்தான். தூணையும் இழந்துவிட்டு அந்த வாதத்தை நம்பி இரண்டாவது வழக்குக்குப் போகும் நிலையை ஏன் வரவழைத்துக்கொள்ள வேண்டும் என்பதே என் கேள்வி.

ஆகவே, மெமோவுக்கு வாதியின் பதில் ‘ஆமாம், தூண் போய்விட்டது’ என்பதோடு நிற்கக்கூடாது. தூண் போனது வழக்கு நிலுவையில் இருக்கும்போது, கொண்டுபோனது பிரதிவாதி, ஆகவே கட்டளை 6, விதி 17-இன் கீழ் பிராதைத் திருத்தி, தூண்களைத் திரும்பக் கொண்டுவந்து நிறுத்தும்படி செயலுறுத்துக் கட்டளையும், அது முடியாவிட்டால் அவற்றின் மதிப்பும் கேட்கிறோம் என்று சொல்ல வேண்டும். குறித்த பரிகாரச் சட்டத்தின் 39ஆவது பிரிவு அப்படிப்பட்ட கட்டளைக்கு இடமளிக்கிறது. திருத்த மனு நிலுவைக்கு வந்தவுடனேயே ‘பயனற்றது’ என்ற மெமோவின் காற்று இறங்கிவிடுகிறது. இடைக்காலத் தடை ஏற்கெனவே கிடைத்திருந்து, அதை மீறித் தூண் போயிருந்தால் நிலைமை இன்னும் வேறு: கட்டளை 39, விதி 2ஏ-இன் கீழ் மீறியவருடைய சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை உரிமையியல் சிறையிலும் வைக்கலாம். தன் மீறலையே காட்டி வழக்கு செத்துவிட்டது என்று சொல்பவருக்கு நீதிமன்றங்கள் பொதுவாகச் செவி கொடுப்பதில்லை.

தூண் எத்தனை, எந்த உயரம், எந்த மரம் என்பதை நிரூபிப்பது அடுத்த தலைவலி. இருந்தபோது எண்ணாத தூணைப் போன பிறகு எண்ண முடியாது. இதற்காகவே அனுபவமுள்ள வக்கீல்கள் வழக்குப் போடும் அன்றே, கட்டளை 26, விதி 9-இன் கீழ் வழக்கறிஞர் ஆணையரை அனுப்பும்படி ஒரு மனுவைச் சேர்த்துப் போடுவார்கள். ஆணையர் அளவை நாடாவும் புகைப்படக்காரரும் சகிதமாக வந்து, முகப்பில் இத்தனை தூண், ஒவ்வொன்றின் சுற்றளவு இவ்வளவு, வளவுக்குள் போகும் நிலைக்கதவின் மேல் கஜலட்சுமி செதுக்கல் உண்டு, மூன்றாவது தூணின் அடிக்கல்லில் விரிசல் என்று குறித்துக்கொண்டு போவார். அந்த அறிக்கைதான் பின்னால் நஷ்டஈட்டுக் கணக்கின் முதல் வரி. தூண் போன பிறகு வந்தாலும் ஆணையர் வீணாகப் போவதில்லை; ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் தூண் நின்ற வட்டம் மட்டும் நிறம் மாறாமல் இருப்பதைப் படம் பிடிக்கலாம்.

இதே பங்காளி ஒற்றை உறுத்துக்கட்டளையோடு நிற்காமல், பாகப்பிரிவினை வழக்குப் போட்டு அதற்குள் இடைக்காலத் தடை கேட்டிருந்தால், பயனற்றது என்ற பேச்சே பெரிதாக எழாது. தூண் போனாலும் மனை இருக்கிறது; மனை விற்றாலும் பங்கு இருக்கிறது. வழக்கு நிலுவையில் இருக்கும் அசையாச் சொத்தை யார் வாங்கினாலும் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவரே என்று 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்தின் 52ஆவது பிரிவு சொல்வதால், விற்றுவிட்டோம் என்ற காரணத்தைக் காட்டி வழக்கைச் சாகடிக்க முடியாது. ஆனால் அந்தப் பிரிவு அசையாச் சொத்துக்கு மட்டும். வீட்டோடு நிற்கும்வரை தூண் அசையாச் சொத்தின் பகுதி. அறுத்து லாரியில் ஏற்றியவுடன் அசையும் பொருள். முப்பது பங்காளிக்கு ஒரு வீட்டைச் சுவர் வைத்துப் பிரிக்க முடியாது என்பதும் தெரிந்ததுதான். பாதியோ அதற்கு மேலோ பங்குள்ளவர்கள் கேட்டால், விற்றுப் பணமாகப் பிரித்துக்கொடுக்க 1893ஆம் ஆண்டின் பாகப்பிரிவினைச் சட்டம் வழி செய்கிறது.

இனி, ஒரே மாதிரித் தோன்றி ஒன்றல்லாத சில முடிவுகளைப் பிரித்துவிட வேண்டும். வாதி வராததால் தள்ளுபடியாவது வேறு. அதைக் காரணம் காட்டித் திரும்பக் கோப்புக்கு எடுக்கலாம். தரப்பினர் ஒருவர் இறந்து, 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்காமல் விட்டால் வழக்கு அற்றுப்போவது வேறு. அதை நீக்க அடுத்த 60 நாளுக்குள் மனுப் போடலாம். இவற்றைவிட ஆபத்தான குழப்பம் ‘வாபஸ்’ என்ற சொல்லில் இருக்கிறது. நீதிபதி "இதில் இன்னும் என்ன இருக்கிறது?" என்று கேட்டவுடன், வக்கீல் வழக்குக் கட்டின்மேல் ‘மனுவை வலியுறுத்தவில்லை’ என்று எழுதிக் கையெழுத்திட்டுவிடுவதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். பயனற்றது என்று முடிந்தால் நீதிமன்றம் எதையும் முடிவு செய்யவில்லை என்று பொருள். ஆகவே நடைமுறைச் சட்டத்தின் 11ஆவது பிரிவு சொல்லும் முன்தீர்ப்புத் தடை, ‘விசாரித்து இறுதியாக முடிவு செய்யப்பட்ட’ விஷயங்களுக்கு உரியது என்பதால், இங்கே எழாது. ஆனால் கட்டளை 23, விதி 1-இன் கீழ், புதிய வழக்குப் போட அனுமதி பெறாமல் வாபஸ் வாங்கினால், அதே விஷயத்துக்கு மறுபடி வழக்கே போட முடியாது. உயர்நீதிமன்றப் பேராணை (ரிட்) மனுக்களுக்கும் இதே கொள்கை பொருந்தும் என்று 1986இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒரு வரி மேற்குறிப்பில் இரண்டு சொல் மாறினால் கதவு திறந்திருக்கிறதா, சாத்தியிருக்கிறதா என்பதே மாறிவிடுகிறது.

அரசு எதிர்த்தரப்பாக இருக்கும் மனுக்களில் பயனற்றுப்போவது இன்னொரு விதமாக நேர்கிறது: மனு நிலுவையில் இருக்கும்போதே உத்தரவு மாறிவிடும். காரைக்குடி நகராட்சி 2024இல் மாநகராட்சியானது. இப்படி ஓர் உத்தேசத்தை ஆட்சேபித்து யாராவது மனுப் போட்டிருந்தால், உத்தேசம் அரசாணையாக மாறிய நாளில் அந்த மனு பயனற்றதாகிவிடும். அரசாணையை எதிர்க்க வேண்டுமானால் மனுவைத் திருத்த வேண்டும் அல்லது புதிதாகப் போட வேண்டும். எதிர்த்தரப்பு இறங்கி வந்து கேட்டதைக் கொடுத்துவிடும் வழக்குகளும் உண்டு. பட்டா மாறுதல் மனுவை ஆண்டுக்கணக்கில் கிடப்பில் போட்ட அலுவலகம், உயர்நீதிமன்றப் பட்டியலில் வழக்கு வரும் வாரத்தில் உத்தரவு போட்டுவிட்டு, மனு பயனற்றது என்று சொல்லும். மனுதாரருக்கு அதில் குறையில்லை. ஆனால் செலவுத்தொகை இல்லை என்ற அந்த வழக்கமான வரி அங்கே உறுத்துகிறது. நடைமுறைச் சட்டத்தின் 35ஆவது பிரிவின்படி செலவுத்தொகை நீதிமன்றத்தின் விருப்புரிமை. வழக்குப் போட்ட பிறகே கடமை செய்தவரிடமிருந்து பேருந்துக் கட்டணத்தையாவது வாங்கிக் கொடுக்க அந்த விருப்புரிமையில் இடமிருக்கிறது என்பது என் எண்ணம்.

தாமதத்தால் பயனற்றுப்போவது கீழ்நிலை நீதிமன்றங்களின் வியாதி மட்டுமல்ல. 2002 குஜராத் கலவரம் தொடர்பான 11 மனுக்களைக் காலப்போக்கில் பயனற்றுப்போனவை என்று உச்சநீதிமன்றம் முடித்துவைத்தது 2022 ஆகஸ்ட் 30இல். பாபர் மசூதி இடிப்பு தொடர்பான நீதிமன்ற அவமதிப்பு வழக்கும் அதே நாளில்தான் முடித்துவைக்கப்பட்டது. அதைத் தொடுத்தவர் அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே இறந்திருந்தார். இதற்கு எதிர்த்திசையில் பணமதிப்பு நீக்க வழக்கு இருக்கிறது. 2016 நவம்பர் 8 அறிவிப்பைத் திரும்பச் சுருட்ட முடியாது, ஆகவே இது ஏட்டளவிலான கேள்வி என்று ஒன்றிய அரசு சொன்ன பிறகும், அரசியலமைப்பு அமர்வு அதை விசாரித்து, 2023 ஜனவரி 2 அன்று நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் அறிவிப்பு செல்லும் என்று தீர்ப்பளித்தது. பயனற்றது என்று முடித்துவைப்பது நீதிமன்றத்துக்குள்ள அதிகாரம். எல்லா வழக்கிலும் தப்பாமல் செய்தே தீர வேண்டிய கட்டாயம் அல்ல என்பதற்கு அந்த வழக்கே சான்று.

நாள் கடந்த பிறகும் கேள்விக்கு விடை சொல்லும் இந்த வாசல் ஊர்ப்புற வழக்குகளுக்குத்தான் மிகவும் தேவை. ஏனெனில் இங்கே பல சச்சரவுகள் ஆண்டுக்கு ஒருமுறை வந்து ஒரே நாளில் முடிபவை. தை மாதம் சிராவயலில் மஞ்சுவிரட்டு, மாசி மகத்தன்று அரளிப்பாறையில் மஞ்சுவிரட்டு, ஊருக்கு ஊர் முதல் மரியாதை, காளாஞ்சி, வடம் பிடிக்கும் உரிமை என்று எதை எடுத்தாலும், தகராறு தெரியவருவது திருவிழாவுக்குப் பத்து நாள் முன்புதான். மனுப் போட்டு, எண் ஆகி, பட்டியலில் ஏறுவதற்குள் காப்புக் கட்டிவிடுவார்கள். இடைக்கால உத்தரவு ஏதோ ஒரு விதமாக அமைந்து, திருவிழா நடந்தோ நடக்காமலோ போய்விடும். அடுத்து மனு எடுக்கப்படும்போது, திருவிழா நாள் கடந்துவிட்டதால் பயனற்றது என்ற ஒரு வரி. அடுத்த ஆண்டு அதே தரப்பினர், அதே கேள்வி, புதிய எண். அமெரிக்க நீதிமன்றங்கள் இதற்கென்றே ஒரு விதிவிலக்கை 1911 முதல் வளர்த்து வைத்திருக்கின்றன: திரும்பத் திரும்ப நேரக்கூடியது, ஒவ்வொரு முறையும் விசாரணைக்குச் சிக்காமல் நழுவுவது என்றால், நாள் கடந்துவிட்டது என்று கைவிடாமல் கேள்விக்கு விடை சொல்லலாம். நம் நீதிமன்றங்களும் பொது முக்கியத்துவம் கருதி அவ்வாறு செய்வதுண்டு. கேட்பவர் கேட்க வேண்டும்.

தேவகோட்டைக்குப் பக்கத்தில் கண்டதேவி சொர்ணமூர்த்தீஸ்வரர் கோயில் தேர் இதற்கு நம் கண்ணெதிரே இருக்கும் உதாரணம். உஞ்சனை, செம்பொன்மாரி, தென்னிலை, இறகுசேரி என்னும் நான்கு நாட்டார்களின் மரியாதையோடு பிணைந்த ஆனித் தேரின் வடத்தைப் பட்டியலின மக்களும் பிடிக்கலாமா என்ற கேள்வி, 1990களின் பிற்பகுதியில் தொடங்கி நீதிமன்றம் ஏறியது. ஒவ்வோர் ஆனியும் வந்து போனது; தேர் பல ஆண்டுகள் நிலையிலேயே நின்றது. ஏறத்தாழ 17 ஆண்டு இடைவெளிக்குப் பிறகு 2024 ஜூனில், பலத்த காவலுக்கு நடுவே, அது மறுபடி ஓடியது. ஓர் ஆண்டின் தேர் நாள் கடந்துவிட்டதாலேயே வடத்தின்மேல் யாருக்கு உரிமை என்ற கேள்வி செத்துவிடுவதில்லை. இப்படிப்பட்ட மனுக்களில் ‘இந்த ஆண்டுத் திருவிழாவில்’ என்று மட்டும் பரிகாரம் கேட்காமல், உரிமையை விளம்பும்படியும் சேர்த்துக் கேட்பதும், முடியுமானால் அதைச் சாட்சி விசாரித்து முடிவு செய்யும் உரிமையியல் வழக்காகத் திருவிழா இல்லாத மாதத்திலேயே தொடங்குவதும் உதவும். வைகாசியில் ஓடிவரும் கட்சிக்காரரிடம் இதைச் சொல்லிப் பயனில்லை. ஆவணியிலோ புரட்டாசியிலோ சொல்ல வேண்டும், அப்போது அவர் வரமாட்டார்.

கண்மாய்ப் பெரியவரின் நகலில் நான் கடைசியாகத் தேடியது, பொதுவாக இப்படிப்பட்ட உத்தரவுகளின் இறுதியில் வரும் ஒரு சிறு சொற்றொடர்: ‘சட்டப்படியான பிற நிவாரணங்களை நாட மனுதாரருக்கு உரிமை உண்டு’. அது இருந்தது. முன்வைப்புத் தொகையைச் சரியாகக் கட்டியும் ஏலத்தில் தன்னைக் கூப்பிடவில்லை என்பது அவர் குறை. குத்தகையை இனி ரத்து செய்ய முடியாது. கட்டிய தொகையைத் திரும்பக் கேட்கலாம், அதற்குப் பொதுவாக 3 ஆண்டு காலவரையறை, அதில் எவ்வளவு கழிந்துவிட்டது என்பதை வக்கீலிடம் உடனே கேளுங்கள் என்றேன். அவர் நகலை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, இந்தப் பசலிக்கு ஏலம் எந்தத் தேதியில் என்று ஊராட்சியில் விசாரித்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போவதாகச் சொல்லிக் கிளம்பினார்.